கட்டிய பணம் எங்கே போயிற்று?

சில மாதங்களுக்கு முன்பு, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், தோட்டத்துத் தமிழ்ப் பள்ளி ஒன்றில் பெற்றோர்களுடன் பேசிக்கொண்டிருந்தோம். கூட்டம் கலைந்த பிறகு ஒரு பெரியவர் எங்களை நெருங்கி வந்தார். முப்பது ஆண்டுகளுக்கு மேலாகப் பால் மரம் வெட்டிய கைகள். அந்தக் கையில் ஒரு பிளாஸ்டிக் பை. பைக்குள் வங்கியிலிருந்து வந்த கடிதங்கள், ஆண்டு வாரியாக, ஒன்றுகூடக் கசங்காமல் அடுக்கி வைக்கப்பட்டிருந்தன.

“ஐயா, இதக் கொஞ்சம் பாருங்க. வீட்டுக்கு அறுபதாயிரம் வெள்ளி கடன் வாங்குனேன். பத்து வருசமா ஒரு மாசம்கூடத் தவறல. கூட்டிப் பாத்தா முப்பதாயிரத்துக்கு மேல கட்டியிருக்கேன். இன்னும் அம்பத்திரண்டாயிரத்துச் சொச்சம் பாக்கின்னு எழுதியிருக்கான். என் காசு எங்க போச்சு?” என்று கேட்டார்.

நாங்கள் அங்கேயே உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தோம். வங்கியின் கணக்கில் ஒரு காசுகூடப் பிழை இல்லை. பெரியவரின் கணக்கிலும் பிழை இல்லை. இரண்டும் சரியாக இருக்கும்போது, ஒரு மனிதர் பத்து ஆண்டுகள் உழைத்துக் கட்டிய பிறகு தாம் ஏமாற்றப்பட்டதாக ஏன் உணர வேண்டும்? இந்தக் கேள்விக்குப் பதில் தேட வேண்டுமானால், தவணை என்ற சொல் நம் வாழ்க்கைக்குள் எப்படி நுழைந்தது என்பதைப் பார்க்க வேண்டும். ஆகவே இன்று நாம் கடனின் வரலாற்றைப் பேசுகிறோம்.

நம் பாட்டன் பூட்டன் ஊரில் இருந்தபோது அவர்களுக்குத் தெரிந்த அடமானம் ஒத்தி. நிலத்தை ஒத்தி வைத்தால் பணம் கொடுத்தவர் நிலத்தில் இறங்கிப் பயிர் செய்துகொள்வார். விளைச்சல் அவருக்கு. வாங்கிய பணத்தைத் திருப்பிக் கொடுத்தால் நிலம் திரும்பும். வட்டி என்ற பேச்சே அங்கு இல்லை. ஆனால் ஆண்டுதோறும் களத்திலிருந்து அடுத்தவர் வீட்டுக்குப் போகும் நெல் மூட்டைதான் வட்டி. இதே போன்ற ஒரு முறை மலாய்க் கிராமங்களிலும் இருந்தது. அதற்கு ஜுவால் ஜன்ஜி என்று பெயர். நிலத்தை விற்பது போல எழுதிக் கொடுத்து, குறித்த காலத்துக்குள் பணத்தைத் திருப்பினால் நிலத்தைத் திரும்பப் பெறலாம் என்ற வாக்கு. காலம் கடந்தால் விற்றது விற்றதுதான். இரண்டு முறைகளிலும் கடன்பட்டவர் தம் இழப்பைக் கண்ணால் பார்க்க முடிந்தது. தம் நிலத்தில் வேறொருவர் அறுவடை செய்வதைப் பார்த்துக்கொண்டே வரப்பில் நடப்பவருக்குக் கடனின் விலையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

மலாயாவுக்குக் கப்பல் ஏறியபோது அந்தக் கண் மறைந்துபோயிற்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஒப்பந்தக் கூலிகளாக வந்தவர்களுக்குக் கப்பல் கட்டணமும் வழிச்செலவும் முன்பணமாகவே தரப்பட்டன. அந்தப் பணம் கூலியிலிருந்து பிடிக்கப்பட்டது. வேலைக்கு வராத நாட்கள் ஒப்பந்தக் காலத்துடன் சேர்ந்துகொண்டன. காய்ச்சலில் படுத்தவனுக்குக் கடன் நீண்டது. எவ்வளவு வாங்கினோம், எவ்வளவு பிடித்தார்கள், எவ்வளவு மிச்சம் என்பதெல்லாம் தோட்டத்து ஆபீசில் இருந்த புத்தகத்துக்கு மட்டுமே தெரியும். அந்தப் புத்தகத்தைப் படிக்கத் தெரிந்தவர் கிராணி ஒருவரே. ஒப்பந்த முறை 1910-இல் நிறுத்தப்பட்டது.

அதற்குப் பக்கத்திலேயே வளர்ந்தது கங்காணி முறை. துரையிடம் பணம் பெற்றுக்கொண்டு கங்காணி தம் சொந்த ஊருக்குப் போவார். அங்கே ஒத்தியில் கிடந்த நிலத்தை மீட்கவும், கடைக் கடனை அடைக்கவும், நல்ல துணி எடுக்கவும் முன்பணம் கொடுப்பார். ஆள் வேலைக்கு வந்த ஒவ்வொரு நாளுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு உண்டு. 1907-இல் தமிழர் குடியேற்ற நிதி என்ற ஒன்றை அரசாங்கம் ஏற்படுத்தித் தோட்ட முதலாளிகளிடம் பணம் வசூலித்து, கப்பல் செலவை அதிலிருந்து கொடுக்கத் தொடங்கியது. அதன் பிறகு வந்தவர்கள் கப்பல் கடன் இல்லாமல் கரை இறங்கினார்கள். இந்தியாவிலிருந்து இப்படி ஆள் அனுப்புவதற்கு 1938-இல் இந்திய அரசாங்கம் தடை விதித்தது.

இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் இருந்த நம் உறவினர்களின் நிலை இதைவிடக் கடுமை. அங்கே ‘துண்டு’ என்று ஒரு சீட்டு இருந்தது. இத்தனை ரூபாய் கடனைச் செலுத்தினால் இவர்களை விடுவிக்கிறேன் என்று ஒரு துரை எழுதிக் கொடுப்பார். அந்தத் தொகையைக் கட்டி இன்னொரு துரை அவர்களை எடுத்துக்கொள்வார். கடன் தீரவில்லை, கை மட்டும் மாறியது. துண்டு முறை 1921-இல் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. தம் கடனின் மொத்தத் தொகை தம்மைத் தவிர மற்ற எல்லாருக்கும் தெரிந்திருந்த மனிதர்கள் அவர்கள். இதை இங்கே சொல்லி வைக்கிறோம். பின்னால் இது தேவைப்படும்.

தவணை என்ற சொல் நம் காதில் விழுந்ததற்கு நாட்டுக்கோட்டைச் செட்டியார்களும் ஒரு காரணம். பினாங்கிலும், சிங்கப்பூர் மார்க்கெட் தெருவிலும், கோலாலம்பூர் லெபோ அம்பாங்கிலும் அவர்களுடைய கிட்டங்கிகள் இருந்தன. ஒரே கூடத்தில் வரிசையாகப் பெட்டகங்களும் சாய்வு மேசைகளும். ஒவ்வொரு மேசைக்கும் ஒரு தொழில் விலாசம். தங்களுக்குள் தவணைக் கணக்கில் பணம் போட்டு வாங்குவது அவர்கள் வழக்கம். அவர்கள் பெரும்பாலும் கடன் கொடுத்தது நிலம் உள்ளவர்களுக்கு. தோட்டத்து ஆளுக்கு அவசரத் தேவை என்றால் கங்காணியும் கடைக்காரரும் காவற்காரருமே வழக்கமான கதி.

1930-இல் ரப்பர் விலை சரிந்தபோது நிலத்தின் மேல் கடன் வாங்கியிருந்த சிறு தோட்டக்காரர்கள் பலர் வட்டி கட்ட முடியாமல் நிலத்தை இழந்தார்கள். செட்டியார்கள் கையில் அவர்கள் கேட்காத நிலமெல்லாம் வந்து சேர்ந்தது. அவர்களுக்கு வேண்டியது பணம். கிடைத்ததோ விலை போகாத ரப்பர்க் காடு. சிறு நிலங்களை ஏலம் விடுவதைக் கட்டுப்படுத்த 1931-இல் ஒரு சட்டம் வந்தது. மலாய் ஒதுக்கீட்டு நிலத்தை மலாய்க்காரர் அல்லாதவரிடம் ஈடு வைக்க முடியாதபடி 1933-இல் இன்னொரு சட்டம் வந்தது. அதே ஆண்டுகளில் நம்மவர்கள் பல்லாயிரக்கணக்கில் வேலை இழந்து நாகப்பட்டினத்துக்கும் சென்னைக்கும் கப்பல் ஏற்றப்பட்டார்கள் என்பதை இந்த நாட்டுத் தமிழர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

ஏலம் என்றதும் ஒன்று நினைவுக்கு வருகிறது. மலாய் மொழியில் லேலோங் என்கிறோம். நம் ‘ஏலம்’ என்ற சொல்லும் அதுவும் போர்த்துகீசியர் விட்டுச் சென்ற ஒரே சொல்லின் இரண்டு பிள்ளைகள். கடனைப் பற்றிய சொற்கள்கூடக் கப்பலில்தான் வந்திருக்கின்றன.

மாதந்தோறும் ஒரே தொகை கட்டி வீட்டைச் சொந்தமாக்கிக்கொள்ளும் முறை எங்கிருந்து வந்தது? இதற்கு நாம் சற்றுத் தொலைவு போக வேண்டும். 1775-இல் இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரில் ரிச்சர்ட் கெட்லி என்ற விடுதிக்காரர் ஒரு சங்கம் தொடங்கினார். உறுப்பினர்கள் மாதம் ஒரு தொகை போடுவார்கள். போதிய பணம் சேர்ந்ததும் ஒருவர் வீடு கட்டிக்கொள்வார். வீடு பெற்றவர் தொடர்ந்து கட்டி வருவார். இப்படி எல்லாருக்கும் வீடு கிடைத்ததும் சங்கம் கலைந்துவிடும். தாய்மார்களே, இதைக் கேட்டதும் உங்களுக்கு என்ன நினைவுக்கு வருகிறது? லயத்தில் நாம் பிடித்த கூட்டுச் சீட்டேதான்! நம் நாட்டில் கூட்டு பிடிப்பதை 1971-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்திருக்கிறது. ஓடிப்போன கூட்டுத் தலைவிகளின் கதைகளைக் கேட்டவர்கள் அந்தச் சட்டத்தின் காரணத்தை அறிவார்கள்.

1840-களில் இந்தச் சங்கங்கள் கலையாத சங்கங்களாக மாறின. பணம் போடுபவர் வேறு, வீடு வாங்குபவர் வேறு என்று ஆயிற்று. அப்போதுதான் வட்டிக் கணக்கு கடினமாயிற்று. இத்தனை ஆண்டு, இத்தனை விழுக்காடு, மாதம் ஒரே தொகை என்றால் எவ்வளவு கட்ட வேண்டும் என்று சொல்லக் கணக்குப் பட்டியல் தேவைப்பட்டது. அத்தகைய வட்டிப் பட்டியல்களைச் சைமன் ஸ்டெவின் என்ற அறிஞர் ஆண்ட்வெர்ப் நகரில் 1582-லேயே அச்சிட்டு வெளியிட்டிருந்தார். அதுவரை வட்டிக் கடைக்காரர்கள் அவற்றைத் தொழில் இரகசியமாக வைத்திருந்தார்கள். ஒரு கணக்குப் பட்டியலை இரகசியமாகப் பூட்டி வைக்கிறார்கள் என்றால் அதற்குள் பணம் இருக்கிறது என்றுதானே பொருள்?

அமெரிக்காவில் 1930-கள் வரைக்கும் வீட்டுக் கடன் பெரும்பாலும் மூன்று ஆண்டு, ஐந்து ஆண்டுக் கடன். வட்டியை மட்டும் கட்டி வந்து, முடிவில் அசலை ஒரே தடவையில் கொடுக்க வேண்டும். பொருளாதார மந்தத்தில் அசலைக் கொடுக்க முடியாமல் இலட்சக்கணக்கானோர் வீடிழந்தார்கள். அதன் பிறகே, 1933, 1934-ஆம் ஆண்டுகளில், அந்நாட்டு அரசாங்கம் அசலும் வட்டியும் கலந்த சமத் தவணையை நாடெங்கும் பரப்பியது. காலமும் 15, 20 ஆண்டுகள் என நீண்டது. ஏழைக்கு அது பெரிய உதவி. இதை நாம் மறுக்கக்கூடாது. ஆனால் அசலும் வட்டியும் ஒரே தொகைக்குள் கலந்த அன்று, எது எவ்வளவு என்பது கட்டுபவரின் கண்ணுக்கு மறைந்தது.

நம் நாட்டில் வீட்டுக் கடனுக்கென்றே ஒரு சங்கம் 1950-இல் அமைக்கப்பட்டது. பின்னர் அது மலாயா போர்னியோ பில்டிங் சொசைட்டி என்ற பெயரைப் பெற்றது. நகரத்து உத்தியோகஸ்தர்களின் செங்கல் வீடுகள் பல அதன் கடனில் எழுந்தவை. தோட்டத்து மக்கள் அந்தக் கதவைத் தட்டவில்லை, தட்டியிருந்தாலும் திறந்திருக்காது. நமக்குத்தான் லயத்தில் வீடு இருந்ததே! வாடகை இல்லை. வேலை உள்ளவரை வீடு. வேலை போனால் வீடும் போகும். இந்த ஒரு வாக்கியத்தில் நம் தலைமுறைகளின் பயம் முழுவதும் அடங்கியிருக்கிறது.

அந்தப் பயம் நிஜமானது, சுதந்திரத்துக்குப் பிறகு. வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றுவிட்டுப் போக, வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு துண்டாக வெட்டி விற்றார்கள். தோட்டத் துண்டாடலில் வேலையும் வீடும் ஒருசேரப் போயின. 1960-இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தோட்டம் தோட்டமாகப் போய், மாதம் பத்து வெள்ளி போடுங்கள் என்று கேட்டார். அந்தப் பத்து வெள்ளிகள் சேர்ந்து முதலில் கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டம் வாங்கப்பட்டது. அதுவும் தவணைதான், கவனியுங்கள். ஆனால் அது முன்னால் கட்டும் தவணை. கடன் தவணையோ பின்னால் கட்டுவது. முன்னால் கட்டினால் வட்டி நமக்கு வேலை செய்கிறது. பின்னால் கட்டினால் வட்டிக்கு நாம் வேலை செய்கிறோம்.

1980-களின் தொடக்கத்தில் மலிவு விலை வீட்டுக்கு 25,000 வெள்ளி என்று அரசாங்கம் உச்ச விலை வைத்தது. 1998 முதல் இடத்துக்கு ஏற்ப 42,000 வெள்ளி வரை உயர்ந்தது. 2010-களின் தொடக்கத்தில் தோட்டத் தொழிலாளர்களுக்கென்றே ஒரு கடன் திட்டம் அறிவிக்கப்பட்டது. 60,000 வெள்ளி வரை கடன். வட்டி 4 விழுக்காடு. காலம் 40 ஆண்டு. தகப்பனால் முடியாவிட்டால் பிள்ளை தொடர்ந்து கட்டலாம். 4 விழுக்காடு என்பது நியாயமான, மலிவான வட்டி. லயத்தை விட்டு வெளியேற வேண்டியவருக்கு இதைவிடத் தாழ்வான படி கிடையாது. ஆயினும் அதன் கணக்கை முழுவதும் பார்த்துவிடுவோம். பள்ளிப் பிள்ளைகள் தாளும் பென்சிலும் எடுத்துக்கொள்ளலாம்.

60,000 வெள்ளிக்கு 4 விழுக்காடு என்றால் ஆண்டு வட்டி 2,400 வெள்ளி. மாதத்துக்கு 200 வெள்ளி. 40 ஆண்டுத் தவணை 250 வெள்ளி 76 காசு. முதல் மாதம் நீங்கள் கட்டும் 250 வெள்ளி 76 காசில் 200 வெள்ளி வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 50 வெள்ளி 76 காசு மட்டுமே. அடுத்த மாதம் கடன் அந்த அளவு குறைந்திருப்பதால் வட்டி 17 காசு குறையும். அசல் 17 காசு கூடுதலாகக் கழியும். பதினேழு காசு! கடன் மலையை இப்படித்தான் எறும்பு போல் சுரண்டத் தொடங்குகிறோம்.

பத்து ஆண்டு முடிவில் கட்டிய தொகை 30,091 வெள்ளி. அதில் வட்டி 22,617. அசலில் கழிந்தது 7,474. ஆகவே பாக்கி 52,526 வெள்ளி. பெரியவரின் கடிதத்தில் இருந்த எண் இதுதான். அவருடைய காசு எங்கும் ஓடிவிடவில்லை. அறுபதாயிரம் வெள்ளியைப் பத்து ஆண்டு கையில் வைத்திருந்ததற்கான வாடகையாகப் போயிருக்கிறது.

இருபது ஆண்டு முடிவில், அதாவது பாதிக் காலம் கழிந்ததும், கட்டியது 60,182 வெள்ளி. வாங்கிய அறுபதாயிரத்தைக் கொடுத்தாயிற்று. ஆனால் பாக்கி 41,381 வெள்ளி. கடன் பாதியாகக் குறைவது 27 ஆண்டு 3 மாதம் ஆன பிறகுதான். நாற்பது ஆண்டும் கட்டி முடித்தால் மொத்தம் 120,365 வெள்ளி. ஒரு வீட்டுக்கு வாங்கிய கடனை இரண்டு வீட்டுக்குக் கட்டியிருப்போம்.

இந்த எண்ணை யாரும் மறைக்கவில்லை. ஆனால் கையெழுத்துப் போடும் நாளில் கண்ணில் படுவது 250 வெள்ளிதான். நம் மக்கள் கேட்கும் கேள்வியும் “மாசம் எவ்வளவு?” என்பதுதான். தையல் மெஷினைத் தவணையில் வாங்கிய காலத்திலிருந்தே அப்படிக் கேட்டுப் பழகிவிட்டோம். செலவுக் கடையில் 555 குறிப்பேட்டில் கடைக்காரர் எழுதுவதையும், சம்பளத்தன்று அவர் கூட்டிச் சொல்வதையும் அப்படியே ஏற்றுப் பழகிய குடும்பங்கள் நாம். மொத்தம் எவ்வளவு என்று கேட்பது மரியாதைக் குறைவு என்றுகூட நினைத்திருக்கிறோம்.

மொத்தத் தொகையை எடுத்த எடுப்பிலேயே சொல்லிவிடும் ஒரு முறையும் நம் நாட்டில் வந்தது. 1983-இல் இஸ்லாமிய வங்கி முறை தொடங்கிய பிறகு, வீட்டை வங்கியே வாங்கி, இலாபம் சேர்த்து, தவணையில் வாடிக்கையாளருக்கு விற்கும் ஒப்பந்தம் பரவலாக வழங்கியது. அதில் வட்டி என்ற சொல் கிடையாது. விற்பனை விலை உண்டு. நம் கணக்கை அந்த முறையில் எழுதினால், வங்கி வாங்கிய விலை 60,000, உங்களுக்கு விற்கும் விலை 120,365 என்று பத்திரத்திலேயே இருக்கும். மாதத் தவணை அதே 250 வெள்ளி 76 காசுதான். ஆனால் அந்த எண்ணைப் பார்த்தவர் ஒரு கணம் பேனாவை நிறுத்துவார். அந்த ஒரு கணம் மிகவும் பயனுள்ளது என்பது எங்கள் கருத்து.

அப்படி நிறுத்திக் கேட்க வேண்டிய கேள்வி, எத்தனை ஆண்டு என்பதுதான். அதே 60,000, அதே 4 விழுக்காடு, 30 ஆண்டு என்றால் தவணை 286 வெள்ளி 45 காசு. மாதம் 36 வெள்ளிகூட அதிகமில்லை. மொத்தமோ 103,122. ஏறத்தாழ 17,000 வெள்ளி மிச்சம். 20 ஆண்டு என்றால் தவணை 363 வெள்ளி 59 காசு, மொத்தம் 87,261. நாற்பது ஆண்டுக் கடனோடு ஒப்பிட்டால் 33,000 வெள்ளிக்கு மேல் மிச்சம். 363 வெள்ளி எல்லாராலும் முடியாது. ஆனால் 250 கட்டக்கூடிய பல குடும்பங்கள் 286 கட்ட முடியாதவை அல்ல.

வட்டி விகிதம் மாறும் கடனாக இருந்தால் இன்னொரு கவனம் வேண்டும். 1998-இல் பொருளாதார நெருக்கடியின்போது வங்கிகளின் அடிப்படைக் கடன் விகிதம் 12 விழுக்காட்டையும் தாண்டியது. 2020-இல் நாட்டின் கொள்கை விகிதம் 1.75 விழுக்காட்டுக்கு இறங்கி, 2023-இல் 3 விழுக்காடாக ஏறியது. நம் கடன் 4 விழுக்காட்டிலிருந்து 5¼ விழுக்காடாக ஏறினால் முதல் மாத வட்டி மட்டும் 262 வெள்ளி 50 காசு. பழைய 250 வெள்ளி 76 காசையே கட்டி வந்தால் கடன் குறையாது, வளரும். வட்டி ஏறியது என்று கடிதம் வந்தால், தவணை ஏறியதா, அல்லது ஆண்டுகள் ஏறினவா என்று கேட்க வேண்டும். தவணை மாறவில்லை என்று மகிழ்ந்தவர்கள் சிலருக்கு ஆண்டுகள்தான் மாறியிருக்கின்றன.

தவணை தவறினால் என்ன ஆகும்? ஒத்தி போலன்றி, வீடு நம்மிடமே இருக்கிறது. ஆனால் 1965-ஆம் ஆண்டுத் தேசிய நிலச் சட்டப்படி, கிராந்தில், அதாவது நிலப் பட்டாவில், கடன் கொடுத்தவரின் ஈடு பதிந்திருக்கிறது. அவர் ஏல உத்தரவு கேட்கலாம். ஏலத்தில் வந்த பணம் கடனுக்குப் போதாவிட்டால், வீடு போன பிறகும் மிச்சக் கடன் நிற்கும். முதல் ஆண்டுகளில் அசல் மிக மெதுவாகவே குறைகிறது என்று பார்த்தோமல்லவா? ஆகவே அந்த ஆண்டுகளில் தவறுபவருக்கே அடி பலமாக விழுகிறது.

மொத்தத் தொகையைக் கேட்டுவிட்டு வீட்டுக் கடனே கொள்ளை என்று சொல்பவர்களும் உண்டு. அதுவும் சரியில்லை. நாற்பது ஆண்டு கழித்துக் கட்டும் 250 வெள்ளியும் இன்றைய 250 வெள்ளியும் ஒன்றல்ல. 25,000 வெள்ளிக்கு மலிவு வீடு கிடைத்த காலத்தை நினைத்துப் பாருங்கள். வாடகை வீட்டில் இருப்பவரும் நாற்பது ஆண்டு பணம் கட்டத்தான் போகிறார்; முடிவில் அவர் கையில் சாவி இராது. தனியார் துறையில் குறைந்தபட்ச ஓய்வு வயது 2013 முதல் 60. அந்த வயதில் லயத்தைக் காலி செய்யும் குடும்பத்துக்கு, வட்டி கட்டியாவது ஒரு கூரை வேண்டும். ஆகவே கடன் வாங்குவதா வேண்டாமா என்பதை விட, எத்தனை ஆண்டு அதைச் சுமப்பது என்பதே பெரும்பாலோருக்கு உண்மையான கேள்வி.

பெரியவரிடம் திரும்பி வருவோம். இவ்வளவையும் கேட்டுக்கொண்டு சிறிது நேரம் பேசாமல் இருந்தார். அவருக்கு வயது 58. கடன் முடியும்போது 88. “அப்போ எம் மவன்தான் முடிக்கணும்” என்றார். மகன் அருகிலேயே நின்றிருந்தார், தொழிற்சாலையில் வேலை. சேமநிதியிலிருந்து வீட்டுக்கென அனுமதிக்கப்பட்ட பணத்தை எடுத்துக் கட்டிவிடலாமா என்று கேட்டார். அவசரப்பட வேண்டாம் என்றோம். ஊழியர் சேமநிதி 2023-இல் 5.5 விழுக்காடும் 2024-இல் 6.3 விழுக்காடும் இலாப ஈவு கொடுத்தது. 6 விழுக்காடு வளரும் பணத்தை எடுத்து 4 விழுக்காட்டுக் கடனை அடைப்பதில் ஆதாயம் இல்லை. வேலையில்லாக் காலத்துக்கு அது உதவும்.

“அப்போ கையில இருந்து மாசம் அம்பது வெள்ளி கூடப் போட்டா?” என்று கேட்டவர் பெரியவரின் மனைவி. அதுவரை அவர் பேசவே இல்லை.

கணக்குப் போட்டோம். பாக்கி 52,526 வெள்ளி. தவணை 250 வெள்ளி 76 காசுக்குப் பதிலாக 300 வெள்ளி 76 காசு. மிச்சமிருந்த 30 ஆண்டு, 22 ஆண்டுக்கும் சற்றுக் குறைவாக இறங்குகிறது. எட்டு ஆண்டு முன்னதாகக் கடன் முடியும். கையிலிருந்து போகும் பணத்தில் 11,000 வெள்ளிக்கு மேல் மிச்சம். இதையே முதல் நாளில் செய்திருந்தால் இன்னும் அதிகம். கடன் வாங்கிய அன்றே 1,000 வெள்ளி கூடுதலாகக் கட்டியிருந்தால், கடைசியில் 19 மாதத் தவணைகள் இல்லாமல் போயிருக்கும்.

அந்த அம்மாள் விரலை மடக்கி எண்ணினார். ஐம்பது வெள்ளிக்கு எதையெல்லாம் குறைக்க வேண்டும் என்று எண்ணினாரோ தெரியவில்லை. “சரி, கட்டுவோம்” என்றார்.

கட்டுவதற்கு முன் ஒரு காரியம் உண்டு என்று சொன்னோம். கூடுதலாகக் கட்டும் பணத்தை அடுத்த மாதத் தவணைக்கு முன்பணமாக வரவு வைத்துக்கொள்வது வங்கிகளில் நடப்பது. அப்படி வைத்தால் அசல் குறையாது. இந்தப் பணம் அசலைக் குறைப்பதற்கு என்று எழுத்தில் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கி வைக்க வேண்டும். ஆண்டுக் கடிதம் வந்ததும் அசல் குறைந்திருக்கிறதா என்று ஒத்துப் பார்க்க வேண்டும்.

அவர்களுடைய பேத்தி இடைநிலைப் பள்ளியில் படிக்கிறாள். பள்ளி மண்டபத்து மேசையிலேயே உட்கார்ந்து மலாயில் அந்தக் கடிதத்தை எழுதினாள். நான்கு வரி. பெரியவர் அதைக் கையெழுத்திட்டு, மற்றக் கடிதங்களுக்கு மேலாகப் பிளாஸ்டிக் பையில் வைத்துக்கொண்டார்.